குறி கேட்ட வைக்கிங்குகள்



ஒரு நாள் வகுப்பில் வைக்கிங்குகளைப் பற்றிய படம் ஒன்றை மாணவர்களுக்குக் காட்டிக்கொண்டிருந்தோம். நீண்ட கப்பல், கோடு போட்ட பாய், கையில் கோடரியுடன் தாடிக்காரர்கள். பின்வரிசையிலிருந்த ஒரு சிறுமி எழுந்து, "ஐயா, இவ்வளவு முரட்டு ஆட்களும் குறி கேட்கப் போவார்களா?" என்று கேட்டாள். முந்திய நாள் அவள் வீட்டில் யாரோ குறி கேட்டு வந்திருக்க வேண்டும். வகுப்பு சிரித்தது. நாம் சிரிக்கவில்லை. கேள்வி நல்ல கேள்வி. அவர்கள் போகவில்லை, அம்மா. குறி சொல்பவளை வீட்டுக்கே அழைத்து, ஆசனம் போட்டு, விருந்து வைத்துக் கேட்டார்கள் என்று சொன்னோம். மணி அடித்துவிட்டதால் மீதியைச் சொல்ல முடியவில்லை. அந்த மீதிதான் இன்றைய உரை.

வைக்கிங்குகள் என்போர் இன்றைய நார்வே, சுவீடன், டென்மார்க் ஆகிய நாடுகளின் மக்கள். கி.பி. 793-ஆம் ஆண்டில் இங்கிலாந்தின் வடகிழக்குக் கரையிலுள்ள லிண்டிஸ்பார்ன் மடத்தை அவர்கள் கொள்ளையிட்டதிலிருந்து, 1066-இல் நார்வே மன்னர் ஹரால்ட் இங்கிலாந்தில் போரிட்டு மடிந்தது வரையுள்ள காலத்தை வைக்கிங் காலம் என்பது வழக்கம். கொள்ளையடித்தவர்கள் ஒரு பகுதியினரே. பெரும்பாலோர் ஆடுமாடு வளர்த்து, மீன் பிடித்து, குளிரோடு போராடிப் பிழைத்த குடியானவர்கள். (படங்களில் வரும் கொம்பு வைத்த தலைக்கவசத்தை அவர்கள் அணிந்ததற்குச் சான்று கிடையாது. அது பிற்கால நாடகமேடை தந்த அலங்காரம்.) கி.பி. 870 அளவில் அவர்கள் ஐஸ்லாந்தில் குடியேறினர். 985 அளவில் செம்முடியன் எரிக் என்பவன் அங்கிருந்து ஆட்களை அழைத்துக்கொண்டு கிரீன்லாந்துக்குப் போனான்.

இவர்களுடைய கதைகள் 'சாகா' எனப்படும் உரைநடை நூல்களில் உள்ளன. ஒன்றை மறக்கக்கூடாது. அந்நூல்கள் எழுதப்பட்டது கதை நடந்ததாகச் சொல்லப்படும் காலத்துக்கு இருநூறு, முந்நூறு ஆண்டுகள் கழித்து. எழுதியவர்கள் கிறிஸ்துவர்கள், எழுதப்பட்ட செய்தியோ பழைய சமயத்தைப் பற்றியது. ஆகவே சாகாவில் உள்ள ஒவ்வொரு சொல்லையும் நடந்தது நடந்தபடி என்று கொள்ள இயலாது. பாட்டன் சொன்னதைத் தந்தை சொல்ல, தந்தை சொன்னதை மகன் ஏட்டில் எழுதியது போன்றவை அவை.

மனிதனின் முடிவு முன்பே குறிக்கப்பட்டது என்பது வைக்கிங்குகளின் உறுதியான நம்பிக்கை. நோர்ன்கள் எனப்படும் பெண் தெய்வங்கள் பிறப்பவர் ஒவ்வொருவரின் வாழ்நாளையும் வகுத்துவிடுகிறார்கள். அதைத் தேவர்களாலும் மாற்ற முடியாது. தேவர்களின் தலைவனான ஓடினே குறிசொல்லி ஒருத்தியிடம் உலகத்தின் முடிவைக் கேட்டறிந்ததாகப் பழம்பாடல் ஒன்று உண்டு. தன்னை ஓநாய் விழுங்கப் போகிறது என்று தெரிந்த பிறகும் அவன் ஒளிந்துகொள்ளவில்லை. கடைசிப் போருக்கு ஆள் சேர்க்கிறான்.

மாற்ற முடியாது என்றால் கேட்பது எதற்கு? இந்தக் கேள்விக்கு ஐஸ்லாந்துக்காரர் எவரும் ஏட்டில் நேரடியாக விடை எழுதி வைக்கவில்லை. அவர்கள் சொன்ன கதைகளில்தான் தேட வேண்டும்.

முதலில் கிரீன்லாந்துக்குப் போவோம். 'எரிக்கின் சாகா' என்ற நூலில் குட்ரிட் என்ற பெண்ணின் கதை வருகிறது. அவளுடைய பாட்டன் வீபில் ஓர் அடிமை. பிரிட்டிஷ் தீவுகளில் சிறைபிடிக்கப்பட்டு அடிமையானவன். ஐஸ்லாந்தில் குடியேறிய ஔத் என்ற சீமாட்டி அவனை விடுவித்து நிலம் கொடுத்தாள். வீபிலின் மகனுக்குப் பிறந்தவள்தான் குட்ரிட். அழகும் அறிவும் உள்ளவள். ஒரு வியாபாரி அவளைப் பெண் கேட்டான். அவன் பணக்காரன்; ஆனால் அடிமையாயிருந்தவனின் மகன். குட்ரிட்டின் தந்தைக்குக் கோபம் வந்துவிட்டது. "கையில் காசு குறைந்ததும் அடிமையின் மகனுக்குப் பெண் கேட்கத் துணிந்துவிட்டார்களே" என்ற பொருள்படப் பேசினார். தாமும் அடிமையாயிருந்தவரின் மகன்தான் என்பது அந்த நேரத்தில் அவர் நினைவுக்கு வரவில்லை போலும்! மேலே ஏறியவன் ஏணியை எட்டி உதைப்பது எந்த ஊரிலும் உண்டு.

மானத்தோடு வாழ வேண்டும் என்று நிலத்தை விற்று, முப்பது பேருடன் கப்பலேறினார். கடல் அவர்களை அலைக்கழித்தது. கப்பலில் நோய் கண்டு பாதிப்பேர் இறந்தனர். குட்ரிட்டை எடுத்து வளர்த்த ஹால்டிஸ் என்ற தாயும், அவள் கணவனும் அந்தப் பயணத்திலேயே மாண்டனர். எஞ்சியவர்கள் குளிர்காலம் தொடங்கும் வேளையில் கிரீன்லாந்தின் தென்முனையிலுள்ள ஹெர்யோல்ஸ்நெஸ் என்ற இடத்தில் கரை சேர்ந்தார்கள். தோர்கெல் என்ற செல்வாக்குள்ள விவசாயி அத்தனை பேரையும் தம் வீட்டில் குளிர்காலம் முழுவதும் வைத்துக் காப்பாற்ற ஒப்புக்கொண்டார்.

அதுவோ பஞ்ச காலம். வேட்டைக்குப் போனவர்கள் குறைவாகவே கொண்டுவந்தனர். சிலர் திரும்பி வரவேயில்லை. அடைமழை மாதங்களில் பால்வெட்டு நின்று, கைக்காசு கரையும் நாட்களை அறிந்தவர்களுக்கு அந்த வீட்டின் கவலை ஓரளவு விளங்கும். ஆனால் கிரீன்லாந்தில் கணக்கில் எழுதிக்கொண்டு அரிசி கொடுக்க ஒரு கடை கூடக் கிடையாது. இருக்கிற தீனி வசந்தம் வரை போதுமா, எத்தனை மாட்டை இப்போதே வெட்டுவது, எதைக் காப்பாற்றுவது? இவற்றையெல்லாம் முடிவு செய்ய வேண்டியவர் வீட்டுத் தலைவர். தவறினால் வீடு முழுவதும் பட்டினி.

அந்தப் பகுதியில் தோர்பியோர்க் என்ற குறிசொல்லி இருந்தாள். அவளுடன் பிறந்த சகோதரிகள் அனைவரும் குறி சொன்னவர்கள். அவள் ஒருத்திதான் மிஞ்சியிருந்தாள். குளிர்காலத்தில் வீடு வீடாக விருந்துக்கு அழைக்கப்படுவாள். இந்தப் பஞ்சம் எப்போது தீரும் என்று கேட்டறிவது ஊர்ப் பெரியவர் என்ற முறையில் தம் கடமை எனத் தோர்கெல் எண்ணி, அவளை அழைத்தார்.

அவள் வந்த காட்சியைச் சாகா நுணுக்கமாக வருணிக்கிறது. நீல மேலாடை, அதன் ஓரம் வரை பதித்த கற்கள், கழுத்தில் கண்ணாடி மணிகள். தலையில் கறுப்பு ஆட்டுக்குட்டித் தோலால் ஆன முக்காடு, உள்ளே வெள்ளைப் பூனைத்தோல். கையில் ஒரு கோல்; அதன் தலையில் கல் பதித்த பித்தளைக் குமிழ். இடுப்பில் மந்திரப் பொருள்கள் வைத்த தோற்பை. ரோமம் நீக்காத கன்றுத்தோல் காலணி. கோழி இறகு அடைத்த மெத்தை போட்டு உயர்ந்த ஆசனத்தில் அவளை உட்கார வைத்தார்கள். அவளுக்கென ஆட்டுப்பாலில் காய்ச்சிய கஞ்சியும், அங்கிருந்த ஒவ்வொரு வகை விலங்கின் இதயத்தையும் சமைத்த கறியும் பரிமாறினார்கள். பித்தளைக் கரண்டியும், நுனி உடைந்த கத்தி ஒன்றும் வைத்துக்கொண்டு அவள் உண்டாளாம். பஞ்ச வீட்டில் இவ்வளவு உபசாரமா என்று கேட்கத் தோன்றுகிறது. பஞ்சம் என்பதால்தான் இவ்வளவு உபசாரம்.

இது வெறும் கற்பனை அலங்காரமா? முழுவதும் அப்படிச் சொல்வதற்கில்லை. குறிசொல்லியைக் குறிக்கும் 'வோல்வா' என்ற அவர்கள் சொல்லுக்கே கோல் ஏந்தியவள் என்பதுதான் பொருள். டென்மார்க்கில் பிர்கட் என்ற இடத்தில், 980 அளவில் கட்டப்பட்ட கோட்டை ஒன்றை ஒட்டிய இடுகாட்டை 1950-களில் தோண்டினார்கள். ஒரு பெண்ணை வண்டிப் பெட்டியில் கிடத்திப் புதைத்திருந்தார்கள். அருகே உலோகக் கோல் ஒன்று. ஒரு பையில் மயக்கமூட்டும் நச்சுச் செடியின் விதைகள். கால்விரல்களில் வெள்ளி மெட்டி! அந்த நாட்டில் மெட்டி அணிவது வழக்கமே இல்லை. அவள் யாராக இருந்திருப்பாள் என்பதை ஆய்வாளர்கள் பெரும்பாலும் இந்தக் கோலை வைத்தும் விதையை வைத்தும் ஊகிக்கிறார்கள். ஆக, இப்படிப்பட்ட பெண்கள் மெய்யாகவே வாழ்ந்தார்கள். மரியாதையோடு அடக்கமும் செய்யப்பட்டார்கள். ஆண்கள் இந்த வித்தையைச் செய்வது இழிவாகக் கருதப்பட்டது என்பது ஒரு வேடிக்கை.

கதைக்குத் திரும்புவோம். உண்டு முடித்ததும் தோர்கெல் ஆவலோடு கேட்டார். ஓர் இரவு இந்த வீட்டில் தூங்கினால்தான் சொல்ல முடியும் என்று அவள் கூறிவிட்டாள். மறுநாள் மாலை எல்லாம் தயார். ஆவிகளை அழைக்கும் பாடல் ஒன்று உண்டு. அதை அறிந்த பெண் ஒருத்தி வேண்டும் என்றாள். வீடு முழுவதும் தேடினார்கள். எவருக்கும் தெரியவில்லை.

அப்போது குட்ரிட் வாய் திறந்தாள். தனக்கு மந்திரமும் தெரியாது, குறியும் தெரியாது. ஆனால் ஐஸ்லாந்தில் தன்னை வளர்த்த ஹால்டிஸ் அந்தப் பாட்டைக் கற்றுக் கொடுத்திருக்கிறாள் என்று உள்ளதைச் சொன்னாள். சொல்லிவிட்டு, தான் கிறிஸ்துவப் பெண் ஆகையால் இந்தச் சடங்கில் சேர மனமில்லை என்றும் கூறினாள். அவள் தந்தையோ இப்படிப்பட்ட காரியம் நடக்கும் வீட்டில் இருக்க மாட்டேன் என்று ஏற்கெனவே வெளியேறிவிட்டார். பாடினால் இங்குள்ளவர்களுக்கு உதவியாகும், அதனால் நீ எவ்விதத்திலும் தாழ்ந்து போகமாட்டாய் என்று குறிசொல்லி எடுத்துச் சொன்னாள். தோர்கெல் வற்புறுத்தினார்.

நேயர்களே, இந்த இடத்தில் சற்று நிற்க வேண்டும். தோர்கெல்லின் சோற்றைத் தின்று அந்தப் பெண் உயிர் வாழ்கிறாள். வெளியே பனி, உள்ளே பசித்த முகங்கள். அவள் மாட்டேன் என்றால் வீட்டுக்காரரின் முயற்சி வீணாகும். சரி என்றால் தந்தையின் முகத்தில் விழிப்பது எப்படி? இதைப் பற்றி ஒரு பக்கம் எழுதியிருக்கலாம். சாகா எழுதியவர் ஒரே வரியில் அவள் சம்மதித்தாள் என்று முடித்துவிடுகிறார். பெண்கள் வட்டமாக நிற்க, நடுவில் மேடையில் தோர்பியோர்க் அமர்ந்திருக்க, குட்ரிட் பாடினாள். அவ்வளவு இனிமையாக எவர் பாடியும் கேட்டதில்லை என்று அங்கிருந்தோர் கூறினார்களாம். சில வாரங்களுக்கு முன் கடலில் மாண்ட தாய் கற்றுத் தந்த பாட்டு அது. இனிமைக்கு வேறு காரணம் தேட வேண்டுமா?

குறிசொல்லி கூறியது சுருக்கமானது. பஞ்சம் குளிர்காலத்தைத் தாண்டி நீடிக்காது. வசந்தத்தில் நிலைமை சீராகும். நோயும் நினைத்ததைவிட விரைவில் விலகும். குட்ரிட்டுக்குக் கிரீன்லாந்திலேயே மதிப்பான இடத்தில் மணமாகும். அது நெடுநாள் நிலைக்காது. அவள் வழி ஐஸ்லாந்துக்குத் திரும்புகிறது. அவள் வயிற்றில் பெரியதொரு வமிசம் தோன்றும்.

அப்படியே நடந்ததாகச் சாகா கூறுகிறது. எரிக்கின் மகன் தோர்ஸ்டைனை அவள் மணந்தாள். அவன் நோயில் இறந்தான். பிறகு தோர்பின் கார்ல்செவ்னி என்ற வியாபாரியை மணந்து, அவனோடு மேற்கே 'வின்லாந்து' என்று அவர்கள் அழைத்த வட அமெரிக்கக் கரைக்குப் போனாள். அங்கே ஸ்னோரி என்ற மகன் பிறந்தான். இந்தப் பயணங்களைக் கட்டுக்கதை என்று ஒதுக்கியவர்கள் உண்டு. 1960-இல் கனடாவின் நியூபவுண்ட்லாந்து தீவில் அவர்களின் வீட்டு அடித்தளங்கள் கண்டுபிடிக்கப்பட்டன. அங்கு கிடைத்த வெட்டுமரம் 1021-ஆம் ஆண்டைச் சேர்ந்தது என்று 2021-இல் உறுதிப்படுத்தினார்கள். பின்னர் குட்ரிட் ஐஸ்லாந்தில் வாழ்ந்தாள். அவள் வழியில் மூன்று பேர் ஆயர்களாக உயர்ந்தார்கள். அடிமையின் பேத்தி ஒருத்தியின் வழியில்!

ஆனால் வரலாறு படிப்பவர் இங்கே ஒரு கேள்வி கேட்டாக வேண்டும். இந்தச் சாகாவை ஏட்டில் எழுதி வைத்தது யார்? நம் கைக்கு வந்துள்ள இரண்டு பழம்பிரதிகளில் ஒன்று 1334-இல் இறந்த ஹௌக் எர்லென்சன் என்ற சட்ட அதிகாரியுடையது. அவர் குட்ரிட்டின் மகன் ஸ்னோரியின் வழித்தோன்றல்! ஆயர்கள் மூவரும் வாழ்ந்து மறைந்த பிறகு எழுதியவர்களுக்கு, அந்த வமிசம் தழைக்கும் என்று குறிசொல்லியின் வாயில் சொல்ல வைப்பது கடினமா? பேரப்பிள்ளைகள் பாட்டியின் கதையைச் சொல்லும்போது பாட்டியின் ஜாதகம் நன்றாகத்தான் இருக்கும். பாட்டு உண்மையாக இருக்கலாம், கோல் உண்மையாக இருக்கலாம், பசி நிச்சயம் உண்மை. வமிசத்தைப் பற்றிய அந்தக் குறிமேல் மட்டும் நமக்குச் சந்தேகம் உண்டு.

இனி, குறியைக் கேட்டுவிட்டு அதிலிருந்து தப்ப நினைத்தவன் ஒருவன். சுவீடன் பக்கத்து வைக்கிங்குகள் ஆறுகள் வழியே ருஷியாவுக்குள் புகுந்து ஆட்சி அமைத்தார்கள். அவர்களில் ஓலெக் என்பவன் 882-இல் கீவ் நகரைப் பிடித்தான். தான் எப்படிச் சாவேன் என்று மந்திரவாதிகளிடம் கேட்டான். நீ ஏறிச் செல்லும் உன் குதிரையால் என்றார்கள். குதிரையைக் கொல்லாமல், தீனி போட்டு வளர்க்கச் சொல்லிவிட்டு, அதன் அருகே போவதை நிறுத்திவிட்டான். சில ஆண்டுகளுக்குப் பின் குதிரை செத்துவிட்டது என்று கேட்டு, குறிசொன்னவர்களை ஏளனம் செய்தான். எலும்பைப் பார்க்கப் போனான். இந்த மண்டையாலா எனக்குச் சாவு என்று காலால் மிதித்தான். உள்ளிருந்து பாம்பு வந்து தீண்டியது. இது 912-இல் என்று கீவ் நகரத் துறவிகள் எழுதிய வரலாற்றேடு சொல்கிறது. இதே கதையை ஐஸ்லாந்துக்காரர்கள் ஆட் என்ற வேறொரு வீரன் பெயரில் சொல்வதால், இதை வரலாறு என்பதைவிட ஊர்ஊராகச் சுற்றிய கதை என்று கொள்வதே சரி.

ஓலெக்குக்குக் கிடைத்தது முடிவு மட்டும். அதில் அவன் செய்யவோ தவிர்க்கவோ ஒன்றுமில்லை. இதிலிருந்து முற்றிலும் மாறுபட்ட குறி ஒன்று ஐஸ்லாந்தில் சொல்லப்பட்டது. சொன்னவர் நியால்.

நியால் கோல் ஏந்தியவர் அல்லர். தாடி முளைக்காத முகம். ஊர் அதைக் கேலி செய்யும். ஆனால் ஐஸ்லாந்தில் அவரைப்போலச் சட்டம் அறிந்தவர் எவருமில்லை. வரப்போவதை முன்னுணரும் ஆற்றல் அவருக்கு உண்டு என்றும் மக்கள் நம்பினார்கள். ஐஸ்லாந்தின் நிலைமையை இங்கே சொல்ல வேண்டும். அங்கே மன்னர் இல்லை, போலீஸ் இல்லை. 930 அளவில் தொடங்கிய 'ஆல்திங்' என்ற நாட்டுச் சபை கோடைதோறும் கூடித் தீர்ப்புச் சொல்லும். தீர்ப்பை நிறைவேற்றுவது வழக்கில் வென்றவனின் பாடு. ஒருவன் கொல்லப்பட்டால், அவன் உறவினர் வெள்ளியாக ஈடு வாங்கிக்கொண்டு சமாதானமாகலாம். இல்லையேல் பழிக்குப் பழி.

நியாலின் உயிர் நண்பன் குன்னார். பெரிய வீரன், அடிப்படையில் சண்டையை விரும்பாதவன். ஓட்கெல் என்பவன் ஓயாமல் வம்பு செய்ததால் அவனையும் அவன் கூட்டத்தாரையும் கொல்ல நேர்ந்தது. வழக்கு சமாதானத்தில் முடிந்தது. அதற்கு முன்பே குன்னார் நியாலிடம் வழி கேட்டிருந்தான். நியால் இரண்டு சொன்னார். ஒரே குடும்பத்தில் இரண்டாவது ஆளைக் கொல்லாதே. நல்லவர்கள் செய்து வைத்த சமாதானத்தை மீறாதே. இரண்டும் சேர்ந்து நடந்தால் உன் ஆயுள் குறுகும். இல்லையேல் கிழவனாகும்வரை வாழ்வாய். உம்முடைய சாவு எதனால் என்று உமக்குத் தெரியுமா என்று குன்னார் திருப்பிக் கேட்டான். தெரியும், எவரும் எதிர்பாராத ஒன்றினால் என்றார் நியால்.

இந்தக் குறியை எண்ணிப் பாருங்கள். இதில் 'நடந்தால்' என்ற சொல் இருக்கிறது. தோர்பியோர்க்கின் வாக்கிலும் ஓலெக்கின் மந்திரவாதிகளின் வாக்கிலும் அது இல்லை. முதல் சாவுக்கு ஈடு வாங்கிக்கொண்ட குடும்பம், இரண்டாவது சாவுக்கும் வெள்ளியை வாங்கிக்கொண்டு அடங்குமா? சமாதானத்தை மீறியவனுக்காக அடுத்த முறை யார் பிணை நிற்பார்? இதைச் சொல்ல ஆவி வேண்டியதில்லை. ஊர் நியாயம் தெரிந்திருந்தால் போதும். மக்கள் இதை ஞானதிருஷ்டி என்றார்கள். நம் பார்வையில் இது நாற்பது ஆண்டு வழக்குப் பார்த்த ஒரு மனிதரின் கணக்கு.

கெடுதல் எங்கிருந்து வந்தது தெரியுமா? அந்தக் குறி எதிரியின் காதுக்குப் போனது. மோர்ட் என்ற சூழ்ச்சிக்காரன் குன்னாரின் பகைவர்களுக்கு யோசனை சொன்னான்: ஓட்கெல்லின் மகனைச் சண்டைக்கு அழைத்துச் செல்லுங்கள், அவன் துணிந்து முன்னால் பாய்வான், குன்னார் அவனைக் கொன்றால் ஒரே குடும்பத்தில் இரண்டு பேர் ஆகிவிடும். அப்படியே அந்த இளைஞன் பலியானான். தன்னை எதற்காக அழைத்துப் போனார்கள் என்பது சாகும்வரை அவனுக்குத் தெரியாது.

சபை குன்னாருக்கும் அவன் தம்பி கோல்ஸ்கெக்குக்கும் மூன்று ஆண்டு நாடு கடத்தல் விதித்தது. போகாவிட்டால் இறந்தவரின் உறவினர் அவனைக் கொல்லலாம். நியால் மறுபடியும் எச்சரித்தார்: போனால் புகழோடு திரும்புவாய், முதுமை காண்பாய், போகாவிட்டால் இந்த மண்ணிலேயே கொல்லப்படுவாய். மீறும் எண்ணம் இல்லை என்றான் குன்னார். சாமான் எல்லாம் கப்பலில் ஏற்றியாயிற்று. துறைக்குப் போகும் வழியில் அவன் குதிரை இடறியது. குதித்து இறங்கியவனின் பார்வை மேட்டிலிருந்த தன் வீட்டின்மீதும், விளைந்து நின்ற வயலின்மீதும் விழுந்தது. இவ்வளவு அழகாக அது என்றும் தோன்றியதில்லை. போகவில்லை, வீடு திரும்புகிறேன் என்றான். தம்பி எவ்வளவோ மன்றாடினான். முடிவில் தம்பி கப்பலுக்குப் போனான். அண்ணன் வீட்டுக்குப் போனான்.

பிறந்த மண்ணை விட்டுக் கப்பலேறியவர்களின் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் நாம். போனவர்களின் வலியும், போக முடியாமல் நின்றவனின் வலியும் நமக்கு அந்நியமல்ல. குன்னாரைக் குறை சொல்ல நம் நாக்கு எழவில்லை. ஆனால் அவனை அங்கே நிறுத்தியது நோர்ன்கள் அல்ல, குதிரையும் அல்ல.

அந்த ஆண்டிலேயே பகைவர்கள் நாற்பது பேர் அவன் வீட்டைச் சூழ்ந்தார்கள். வில்லால் தனியே எதிர்த்தான். நாண் அறுந்தது. நாண் திரிக்க உன் கூந்தலில் இரண்டு கற்றை தா என்று மனைவி ஹால்கெர்ட்டைக் கேட்டான். முன்பு ஒரு முறை, திருட்டுப் பாலாடைக்கட்டி விவகாரத்தில் அவன் அவளைக் கன்னத்தில் அறைந்திருந்தான். அதை நினைவுபடுத்தி, தரமாட்டேன் என்றாள். குன்னார் மறுபடி கேட்கவில்லை. 990-ஐ ஒட்டிய ஆண்டுகளில் நடந்ததாக இதைக் கணக்கிடுகிறார்கள்.

நியாலின் கதைக்கு வருவோம். 1000-ஆம் ஆண்டில் ஐஸ்லாந்து கிறிஸ்துவ நாடாயிற்று. நியாலும் அதை ஏற்றார். சமயம் மாறியும் பழிவாங்கும் வழக்கம் மாறவில்லை. நியாலின் மகன்கள் ஒரு குற்றமற்றவனைக் கொன்றதில் பெரும்பகை மூண்டது. நியாலின் வீட்டில் சையுன் என்ற தள்ளாத கிழவி இருந்தாள். நியாலின் மனைவி பெர்க்தோராவை வளர்த்தவள். அவள் சொன்னவற்றில் பல பலித்ததுண்டு. என்றாலும் நியாலின் மகன்களுக்கு அவள் பேச்சு கிழட்டு உளறல். அவளை எவரும் உயர்ந்த ஆசனத்தில் உட்கார வைத்துக் கஞ்சி கொடுத்துக் கேட்கவில்லை.

வீட்டின் பின்னால் காய்ந்த செடிகளைப் போராகக் குவித்து வைத்திருந்தார்கள். ஒரு கோடையில் கிழவி தன் ஊன்றுகோலை எடுத்துக்கொண்டு போய் அந்தப் போரை அடித்துச் சபித்தாள். நியாலின் மூத்த மகன் ஸ்கார்ப்ஹெடின் சிரித்தபடி காரணம் கேட்டான். நியாலையும் நான் வளர்த்த பிள்ளையையும் எரிக்கும்போது இதைத்தான் கொளுத்தப் போகிறார்கள், இதைத் தண்ணீரில் போடுங்கள், அல்லது இப்போதே எரித்துவிடுங்கள் என்றாள் அவள். அதற்கு ஸ்கார்ப்ஹெடின், விதி அதுவானால் இது இல்லாவிட்டாலும் தீ மூட்ட வேறொன்று கிடைக்கும் என்று சொல்லிவிட்டான். கிழவி கோடை முழுவதும் அதை உள்ளே எடுத்து வையுங்கள் என்று முணுமுணுத்துக்கொண்டிருந்தாள். ஒவ்வொரு முறையும் வேறு ஏதாவது வேலை குறுக்கிட்டது.

குவியலை அப்புறப்படுத்த இரண்டு ஆளுக்கு எவ்வளவு நேரம் பிடித்திருக்கும்?

1011-ஐ ஒட்டி, ஓர் இலையுதிர்காலத்து இரவில் புளோசி என்பவன் நூறு பேருடன் வந்து வீட்டை வளைத்தான். வெளியே நின்று போரிடலாம் என்றார் ஸ்கார்ப்ஹெடின் முதலியோர். உள்ளே போங்கள், வீடு காப்பாற்றும் என்றார் வயதான நியால். அத்தனை பேருக்கும் வழி சொன்னவர் தம் வீட்டுக்குச் சொன்ன வழி அது. பகைவர்கள் வாசலில் தீ வைத்தார்கள். உள்ளிருந்த பெண்கள் தொட்டியிலிருந்த மோர்த்தண்ணீரை ஊற்றி ஊற்றி அணைத்தார்கள். தீ பிடிக்கவில்லை. என்ன செய்வதென்று வந்தவர்கள் யோசித்தார்கள்.

நியாலையும் பெர்க்தோராவையும் வெளியே வர புளோசி அனுமதித்தான். மகன்களுக்காகப் பழிவாங்கும் வயது எனக்கில்லை, அவமானத்தோடு வாழ விருப்பமில்லை என்று நியால் மறுத்தார். இளவயதில் இவருக்கு வாழ்க்கைப்பட்டபோது இருவருக்கும் ஒரே முடிவு என்று வாக்களித்தேன் என்று பெர்க்தோராவும் மறுத்தாள். பேரன் தோர்ட் பாட்டியை விட்டுப் போகமாட்டேன் என்று கட்டிக்கொண்டான். மூவரும் கட்டிலில் படுத்துக்கொள்ள, மேலே ஒரு மாட்டுத்தோலைப் போர்த்தச் சொன்னார் நியால்.

இவ்வளவுக்கும் இடம் கொடுத்தது எது? வாசலில் வைத்த தீ அணைந்தபோது, புளோசியின் ஆட்களில் கோல் என்பவன் வீட்டின் பின்பக்கம் பார்த்தான். அங்கே ஒரு போர் இருந்தது. அதற்குத் தீ வைத்து, கூரையோடு சேர்த்து எரியவிட்டார்கள். கூரை முழுவதும் பற்றிக்கொள்ளும் வரை உள்ளே இருந்தவர்களுக்குத் தெரியாது.